முதல் பக்கத்தில் 49 ஆம்பியர், உள்ளே வேறு கதை: மாஸ்ஃபெட் டேட்டாஷீட்டை எப்படிப் படிப்பது?

மோட்டார், பம்பு, எல்இடி பட்டை என்று எதையாவது மைக்ரோகன்ட்ரோலர் வைத்து ஆன்-ஆஃப் செய்ய ஆரம்பிப்பவர்கள் கைக்கு முதலில் வந்து சேரும் மாஸ்ஃபெட்களில் (சுவிட்ச் போல வேலை செய்யும் ஒரு வகை டிரான்சிஸ்டர்) ஒன்று ஐஆர்எஃப்இசட்44என். விலை குறைவு, எலக்ட்ரானிக்ஸ் கடை எதில் கேட்டாலும் கிடைக்கும். அதன் டேட்டாஷீட்டைத் திறந்தால் முதல் பக்கத்திலேயே மூன்று எண்கள் கண்ணில் படும்: தாங்கும் மின்னழுத்தம் 55 வோல்ட், ஆன் நிலை மின்தடை 17.5 மில்லிஓம், மின்னோட்டம் 49 ஆம்பியர். நம்முடைய மோட்டார் 24 வோல்ட், 10 ஆம்பியர்தானே, இது தாராளம் என்று தோன்றும். வாங்கி வந்து அதன் கேட்டை (ஆன்-ஆஃப் கட்டளை வாங்கும் கால்) நேராக மைக்ரோகன்ட்ரோலரின் 5 வோல்ட் பின்னில் மாட்டினால், கொஞ்ச நேரத்தில் மாஸ்ஃபெட்டில் விரல் வைக்க முடியாது. உடனே “டூப்ளிகேட் பார்ட்” என்று கடைக்காரர் மேல் சந்தேகம் போகும்.

சில நேரம் அந்தச் சந்தேகம் சரியாகவும் இருக்கலாம். ஆனால் அசல் பார்ட்டே இப்படித்தான் சுடும் என்று அதே தாளின் இரண்டாம் பக்கம் சொல்லியிருக்கும். டேட்டாஷீட்டில் எந்த எண்ணும் தனியாக நிற்பதில்லை. பக்கத்துக் கட்டத்தில் ஒரு நிபந்தனை இருக்கும். எத்தனை டிகிரியில், கேட்டில் எத்தனை வோல்ட் கொடுத்து, எவ்வளவு நேரத் துடிப்பில் அளந்தார்கள் என்பது அங்கே இருக்கிறது. நிபந்தனைக் கட்டத்தைப் படிக்காமல் எண்ணை மட்டும் எடுத்துக்கொண்டால், பாதித் தகவலை வைத்துத்தான் சர்க்யூட் போடுகிறோம். இந்த ஒரு மாஸ்ஃபெட்டையே எடுத்துக்கொண்டு அதைப் பார்க்கலாம்.

அதற்கு முன் ஒரு எச்சரிக்கை. பெயரை முழுதாகப் படியுங்கள். ஐஆர்எஃப்இசட்44என் வேறு, கடைசி எழுத்து இல்லாத ஐஆர்எஃப்இசட்44 வேறு. விஷே நிறுவனத்தின் ஐஆர்எஃப்இசட்44க்கு 60 வோல்ட், 28 மில்லிஓம், 50 ஆம்பியர். நடுவில் ‘எஃப்’ போய் ‘எல்’ வந்தால், அதாவது ஐஆர்எல்இசட்44என் என்றால், அது லாஜிக் லெவல் வகை, அதாவது கேட்டில் 5 வோல்ட் போன்ற குறைந்த மின்னழுத்தம் கொடுத்தாலே ஆன் ஆகும்படி செய்தது. கேட்டின் குணமே மாறிவிடும். இந்தக் கட்டுரையில் வரும் எண்கள் இன்டர்நேஷனல் ரெக்டிஃபயர் வெளியிட்ட ஐஆர்எஃப்இசட்44என் தாளில் உள்ளவை. அந்த நிறுவனத்தை 2015 ஜனவரியில் இன்ஃபினியான் வாங்கிவிட்டதால், இப்போது தேடினால் இன்ஃபினியான் தளத்தில் கிடைக்கும்.

49 ஆம்பியர் எங்கிருந்து வந்தது?

உச்ச வரம்புகள் அட்டவணையின் முதல் வரியைப் பாருங்கள். தொடர்ச்சியான டிரெயின் மின்னோட்டம் (டிரெயின் காலிலிருந்து சோர்ஸ் காலுக்கு ஓடும் முக்கிய மின்னோட்டம்) 49 ஆம்பியர். நிபந்தனை, கேஸ் வெப்பநிலை 25 டிகிரி, கேட்டில் 10 வோல்ட். அடுத்த வரியிலேயே கேஸ் 100 டிகிரி ஆனால் 35 ஆம்பியர்தான் என்று இருக்கும். கேஸ் வெப்பநிலை என்பது அறையின் வெப்பநிலை அல்ல, மாஸ்ஃபெட்டின் முதுகில் இருக்கும் உலோகத் தகட்டின் வெப்பநிலை. உள்ளே 94 வாட் வெப்பம் கொட்டிக்கொண்டிருக்கும்போது அந்தத் தகட்டை 25 டிகிரியில் பிடித்து வைக்க வேண்டும். சாதாரண ஹீட்சிங்கும் ஃபேனும் இதைச் செய்யாது.

இந்த 49 ஒரு கணக்கின் விடை. சிலிக்கன் சந்திப்பு, அதாவது உள்ளே இருக்கும் சில்லு, அதிகபட்சம் 175 டிகிரி வரை போகலாம். கேஸ் 25 டிகிரி என்றால் இடைவெளி 150 டிகிரி. டிகிரிக்கு 0.63 வாட் என்று தாள் சொல்கிறது. பெருக்கினால் 94 வாட். 175 டிகிரியில் ஆன் நிலை மின்தடை, 25 டிகிரியில் இருந்ததைப் போல இரண்டு மடங்குக்குச் சற்று மேலே ஏறிவிடும் என்று உள்ளே ஒரு வரைபடம் காட்டுகிறது. 17.5 மில்லிஓம் சுமார் 38 ஆகிறது என்று வையுங்கள். 38 மில்லிஓமில் 94 வாட் வெப்பம் உண்டாக்கும் மின்னோட்டம் எவ்வளவு என்று கணக்குப் போட்டால் 49 ஆம்பியருக்குப் பக்கத்தில் வந்து நிற்கும். ஆக, சந்திப்பு 175 டிகிரி என்ற எல்லையில் உட்கார்ந்திருக்கும்போது கிடைப்பதுதான் முதல் பக்கத்து எண்.

சில மாஸ்ஃபெட்களில் இந்தக் கணக்கு இன்னும் விநோதமான இடத்துக்குப் போகும். ஐஆர்எஃப்3205 தாளில் 110 ஆம்பியர் என்று பெரிதாக இருக்கும். அதன் அடிக்குறிப்பைத் தேடிப் படித்தால், இது கணக்கிட்ட மதிப்பு, பேக்கேஜ் தாங்குவது 75 ஆம்பியர் என்று சின்ன எழுத்தில் எழுதியிருக்கும். சிலிக்கன் தாங்கினாலும் உள்ளே போகும் கம்பியும் வெளியே நீட்டியிருக்கும் காலும் தாங்க வேண்டுமே.

சரி, நம் சர்க்யூட்டில் எவ்வளவு ஓடும்? அதற்குத் தேவையானவை வெப்பத்தடை என்ற சின்ன அட்டவணையில் இருக்கின்றன. என்னைக் கேட்டால் முதல் பக்கத்தில் பெரிதாகப் போட வேண்டியதே அதுதான். சந்திப்பிலிருந்து கேஸுக்கு வாட்டுக்கு 1.5 டிகிரி. ஹீட்சிங்க் இல்லாமல் சந்திப்பிலிருந்து வெளிக்காற்றுக்கு வாட்டுக்கு 62 டிகிரி. மூடிய டப்பாவுக்குள் 45 டிகிரி இருக்கிறது, சந்திப்பை 125 டிகிரிக்கு மேல் விட வேண்டாம் என்று வைத்துக்கொள்வோம். கைவசம் இருப்பது 80 டிகிரி. 62ஆல் வகுத்தால் சுமார் 1.3 வாட். 125 டிகிரியில் மின்தடை 30 மில்லிஓம் பக்கம் இருக்கும். 1.3 வாட்டை 30 மில்லிஓமால் வகுத்து வர்க்கமூலம் எடுத்தால் 6.5 ஆம்பியர். கேட்டுக்கு முழு 10 வோல்ட் கொடுத்து, ஒரு முறை ஆன் செய்துவிட்டு அப்படியே விட்டால் கிடைப்பது இது. வேகமாக ஆன்-ஆஃப் செய்தால் இதுவும் குறையும்.

“2 வோல்ட்டில் ஆன் ஆகும்” என்பது

அதிகம் பேர் தடுக்கி விழும் இடம் கேட் த்ரெஷோல்டு மின்னழுத்தம். தாளில் குறைந்தபட்சம் 2, அதிகபட்சம் 4 வோல்ட் என்று இருக்கிறது. 5 வோல்ட் அதைவிட அதிகம்தானே, முழுதாக ஆன் ஆகிவிடும் என்று எடுத்துக்கொள்கிறோம். நிபந்தனைக் கட்டத்தில் என்ன இருக்கிறது? டிரெயின் மின்னோட்டம் 250 மைக்ரோஆம்பியர். கால் மில்லியாம்பியர்! ஒரு சின்ன எல்இடி பிரகாசமாக எரியக்கூட அது போதாது. த்ரெஷோல்டு என்பது மாஸ்ஃபெட் ஆன் ஆகும் இடம் அல்ல, ஆஃப் நிலையிலிருந்து வெளியே வரத் தொடங்கும் இடம். இந்த எண்ணுக்கு உண்மையான பயன் வேறு: ஆஃப் செய்யும்போது கேட்டை 2 வோல்ட்டுக்கு நன்றாகக் கீழே இழுத்து வைக்க வேண்டும் என்று அது சொல்கிறது.

முழுதாக ஆன் ஆக எத்தனை வோல்ட் வேண்டும் என்பதை ஆன் நிலை மின்தடை வரியில்தான் பார்க்க வேண்டும். 17.5 மில்லிஓம், கேட்டில் 10 வோல்ட், 25 ஆம்பியர். இந்தத் தாளில் அந்த ஒரு வரிதான் உண்டு. 5 வோல்ட்டுக்கு வரியே இல்லை. வரி இல்லை என்றால் உற்பத்தியாளர் அங்கே எந்த உறுதியும் தரவில்லை என்று அர்த்தம். வளைகோட்டைப் பார்த்தால் 5 வோல்ட்டிலும் பத்துப் பதினைந்து ஆம்பியர் ஓடுவதாகத் தெரியலாம். ஆனால் வளைகோடுகள் எல்லாம் சராசரிப் பீஸுக்கு உரியவை. த்ரெஷோல்டு 4 வோல்ட் இருக்கும் ஒரு பீஸ் உங்கள் கையில் வந்தால் அந்த வளைகோடு அப்படியே வலது பக்கம் நகர்ந்துவிடும். ஒரு பீஸில் ஓடிய சர்க்யூட் இன்னொரு பீஸில் சுடுவதற்கு இது ஒரு முக்கியக் காரணம்.

இப்போது ஐஆர்எல்இசட்44என் தாளைத் திறந்து பக்கத்தில் வையுங்கள். ஆன் நிலை மின்தடைக்கு மூன்று வரிகள் இருக்கும்: 10 வோல்ட்டில் 22, 5 வோல்ட்டில் 25, 4 வோல்ட்டில் 35 மில்லிஓம். 5 வோல்ட் பின்னில் நேராக மாட்ட நினைத்தால் இது நியாயமான தேர்வு. 3.3 வோல்ட் கொடுக்கும் ஈஎஸ்பி32 போன்ற போர்டுகளுக்கு இதையும் நம்பக் கூடாது, ஏனென்றால் வரிசை 4 வோல்ட்டோடு நின்றுவிடுகிறது. அங்கே 2.5 வோல்ட்டில் ஒரு வரி இருக்கும் மாஸ்ஃபெட்டைத் தேட வேண்டும். ஐஆர்எல்எம்எல்2502 அப்படி ஒன்று: 4.5 வோல்ட்டில் 45, 2.5 வோல்ட்டில் 80 மில்லிஓம். ஆனால் அது 20 வோல்ட் வரை மட்டும் தாங்கும் மிகச் சிறிய பார்ட்; 24 வோல்ட் மோட்டாருக்கு ஆகாது. பெரிய சுமைக்கு, 12 வோல்ட்டில் இயங்கும் ஒரு டிரைவரை (கேட்டை ஓட்டுவதற்கென்றே உள்ள ஐசி) நடுவில் வைத்துச் சாதாரண மாஸ்ஃபெட்டையே ஓட்டுவது நல்லது என்பது என் கருத்து. ஏன் என்பது அடுத்த கணக்கில் தெரியும்.

கேட்டுக்கும் மின்னோட்டம் வேண்டும்

மாஸ்ஃபெட்டின் கேட்டுக்கு மின்னோட்டமே தேவையில்லை என்று பாடப்புத்தகத்தில் படித்திருப்போம். அது நிலையாக இருக்கும்போது சரி. நிலை மாறும்போது அந்தக் கேட் ஒரு கெப்பாசிட்டர். அதை நிரப்பவும் காலி செய்யவும் வேண்டும். எவ்வளவு நிரப்ப வேண்டும்? தாளில் உள்ளீட்டு கெப்பாசிட்டன்ஸ் 1470 பிக்கோஃபாரட் என்று இருக்கிறது. 10 வோல்ட்டால் பெருக்கினால் 14.7 நானோகூலோம். அதே தாளில் மொத்த கேட் சார்ஜ் அதிகபட்சம் 63 நானோகூலோம் என்றும் இருக்கிறது. நாலு மடங்குக்கு மேல் வித்தியாசம்!

இரண்டும் சரிதான், நிபந்தனை வேறு. கெப்பாசிட்டன்ஸை டிரெயினில் 25 வோல்ட் நிலையாக வைத்து அளந்திருக்கிறார்கள். நிஜ சுவிட்சிங்கில் டிரெயின் மின்னழுத்தம் நிலையாக இருப்பதில்லை, மேலிருந்து கீழே விழுகிறது. அப்படி விழும்போது கேட்டுக்கும் டிரெயினுக்கும் நடுவில் இருக்கும் கெப்பாசிட்டன்ஸ், நாம் அனுப்பும் சார்ஜ் முழுவதையும் விழுங்கிக்கொள்கிறது. அந்த நேரத்தில் கேட் மின்னழுத்தம் ஏறாமல் ஒரே இடத்தில் நிற்கும். கேட் சார்ஜ் வரைபடத்தில் நடுவில் படுக்கையாகத் தெரியும் பகுதி இதுதான். மில்லர் சமதளம் என்பார்கள். அதனால் டிரைவர் கணக்குக்கு கெப்பாசிட்டன்ஸை விட்டுவிட்டு சார்ஜ் வரியையே எடுங்கள். அதிலும் கேட்-டிரெயின் சார்ஜ் என்று தனியாகப் போட்டிருக்கும் 23 நானோகூலோம்தான் சூட்டைத் தீர்மானிப்பது. அந்தச் சமதளத்தில் நிற்கும் நேரம் முழுக்க மாஸ்ஃபெட் மின்னழுத்தம், மின்னோட்டம் இரண்டையும் ஒருசேரச் சுமக்கிறது.

இணையத்தில் நிறையப் பார்க்கும் ஒரு சர்க்யூட்: கேட்டிலிருந்து 12 வோல்ட்டுக்கு 1 கிலோஓம் ரெசிஸ்டர், கேட்டைக் கீழே இழுக்க ஒரு பிசி547 டிரான்சிஸ்டர். நம் மோட்டாருக்கு இதை வைத்து 20 கிலோஹெர்ட்ஸில் பிடபிள்யூஎம் (வேகத்தைக் கட்டுப்படுத்த விடாமல் ஆன்-ஆஃப் செய்வது) கொடுப்போம். மோட்டாருக்குக் குறுக்கே டயோடு இருக்கிறது என்றே கொள்கிறேன். அது இல்லாமல் இந்தப் பேச்சே கிடையாது. சமதளம் சுமார் 5 வோல்ட். அப்போது ரெசிஸ்டரில் மிஞ்சுவது 7 வோல்ட், ஓடுவது 7 மில்லியாம்பியர். 23 நானோகூலோமை அது நிரப்ப 3.3 மைக்ரோசெகண்ட் ஆகும். அந்த நேரத்தில் 24 வோல்ட்டும் 10 ஆம்பியரும் உள்ளே மோதுகின்றன. தோராயமாக அதில் பாதி, அதாவது 120 வாட். நொடிக்கு 20,000 முறை 3.3 மைக்ரோசெகண்ட் என்றால் சராசரி சுமார் 8 வாட். இது ஆன் ஆகும் பக்கம் மட்டும். மின்தடையால் வரும் வெப்பம் தொடர்ந்து ஆனில் இருந்தாலும் 3 வாட்தான். ஆக, பெரிய எதிரி மின்தடை இல்லை, மெதுவாக நிரம்பும் கேட். 1 கிலோஓமுக்குப் பதில் 10 கிலோஓம் போட்டால் ஆன் ஆகவே 33 மைக்ரோசெகண்ட் ஆகும். 20 கிலோஹெர்ட்ஸில் ஒரு சுற்றின் மொத்த நேரமே 50 மைக்ரோசெகண்ட்.

அதே இடத்தில் ஒரு கேட் டிரைவர் ஐசியும் 10 ஓம் ரெசிஸ்டரும் வையுங்கள். சமதளத்தில் 0.7 ஆம்பியர் ஓடும், 33 நானோசெகண்டில் வேலை முடிந்துவிடும், 8 வாட் 0.1 வாட்டுக்கும் கீழே போய்விடும். மோட்டார் அதே, மாஸ்ஃபெட் அதே. முதல் சர்க்யூட்டில் மொத்தம் 11 வாட்; அதற்கு நல்ல அளவான ஹீட்சிங்க் வேண்டும், இல்லையென்றால் எரிந்துவிடும். இரண்டாவதில் மூன்று வாட் சொச்சம். சின்ன கிளிப் ஹீட்சிங்க் போதும். இவை தோராயக் கணக்குகள். 23 நானோகூலோமை 44 வோல்ட்டில் அளந்திருக்கிறார்கள், நம்முடைய 24 வோல்ட்டில் கொஞ்சம் குறையும். ஆனால் நூறு மடங்கு வித்தியாசத்தை இந்தச் சிறு பிழைகள் மாற்றப் போவதில்லை.

தாளில் ஆன் தாமதம், ஏறும் நேரம் என்று 12, 60 நானோசெகண்ட் எல்லாம் போட்டிருப்பதைப் பார்த்து “வேகமான மாஸ்ஃபெட்” என்று மகிழ வேண்டாம். 12 ஓம் கேட் ரெசிஸ்டர், 10 வோல்ட் டிரைவ் என்று நிபந்தனை பக்கத்திலேயே இருக்கிறது. வேகம் பெரும்பாலும் டிரைவர் கையில்தான். பத்து ஓமுக்கும் கீழே போகலாமா என்றால் போகலாம், ஆனால் கேட் வயர் நீளமாக இருந்தால் கேட் மின்னழுத்தம் மேலும் கீழும் அலைபாயும் (ரிங்கிங்). கேட் தாங்குவது கூட்டல்-கழித்தல் 20 வோல்ட். ஒரு முறை தாண்டினாலும் ஆக்சைடு துளைபட்டுப் போகலாம்; அதற்குப் பிறகு அது சரியாகாது. கேட்டுக்கும் சோர்ஸுக்கும் நடுவில் ஒரு 15 வோல்ட் ஜீனர் டயோடு (மின்னழுத்தம் அதற்கு மேல் ஏறாமல் பிடிப்பது) போட்டு வைப்பது நல்ல பழக்கம்.

அடிக்குறிப்பில் ஒளிந்திருப்பவை

இந்தத் தாளில் அவலாஞ்ச் ஆற்றல் (காயில் அணையும்போது எழும் மின்னழுத்தம் வரம்பைத் தாண்டினால் மாஸ்ஃபெட் விழுங்கக்கூடிய ஆற்றல்) என்ற வரியில் 530 என்று ஒரு எண்ணும் 150 என்று ஒரு எண்ணும், மில்லிஜூலில், அடுத்தடுத்து இருக்கும். ஒவ்வொன்றுக்கும் தனி அடிக்குறிப்பு. 150 என்பது சந்திப்பு 175 டிகிரியைத் தாண்டாமல் கணக்கிட்டது. 530க்கான குறிப்பைப் படியுங்கள்: பார்ட் அழியும் இடத்தில் கிடைக்கும் சராசரி மதிப்பு, வரம்புக்கு வெளியே உள்ள நிலை. அடிக்குறிப்பைப் பார்க்காமல் பெரிய எண்ணை எடுத்து ரிலே காயிலுக்கு டயோடு வேண்டாம், மாஸ்ஃபெட்டே தாங்கும் என்று முடிவு செய்தால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை. 150 மில்லிஜூலுமே ஒரே ஒரு துடிப்புக்குத்தான், அதுவும் 25 ஆம்பியர், 0.47 மில்லிஹென்றி என்ற நிபந்தனையில்.

இன்னொன்று, பாதுகாப்பான இயக்கப் பரப்பு என்ற வரைபடம். அதில் உள்ள கோடுகள் மைக்ரோசெகண்டிலும் மில்லிசெகண்டிலும் பெயரிடப்பட்டவை. டிசி, அதாவது தொடர்ச்சியாக, என்று ஒரு கோடு இல்லை என்றால், அந்த மாஸ்ஃபெட்டைப் பாதி திறந்த நிலையில் வைத்து மின்னோட்டத்தைக் கட்டுப்படுத்தும் வேலைக்கு எடுக்க வேண்டாம். அந்த நிலையில் சிலிக்கனின் ஒரு மூலை மட்டும் சூடேறும். சூடான இடத்தில் த்ரெஷோல்டு குறையும். அதனால் அங்கேயே இன்னும் அதிக மின்னோட்டம் குவியும். எலக்ட்ரானிக் லோடு செய்பவர்கள் வாட் கணக்கெல்லாம் சரியாகப் போட்டும் மாஸ்ஃபெட்டை இழப்பது இப்படித்தான்.

டிரைவர் ஐசியின் தாளும் அதே மாதிரிதான்

ஹாஃப் பிரிட்ஜ் (மேலே ஒன்று, கீழே ஒன்று என இரண்டு மாஸ்ஃபெட்களை அடுக்கி, நடுப்புள்ளியில் சுமையை மாட்டும் அமைப்பு) செய்பவர்கள் அதிகம் எடுப்பது ஐஆர்2110. முதல் பக்கம் 500 வோல்ட், 2 ஆம்பியர் என்கிறது. அந்த 2 ஆம்பியர், வெளியீட்டை ஷார்ட் செய்து 10 மைக்ரோசெகண்டுக்கு மேற்படாத துடிப்பில் அளந்த உச்சம். கேட்டை நிரப்பும் அந்தச் சிறு கணத்துக்கு அது போதும், வேறு எதையும் அதிலிருந்து எதிர்பார்க்கக் கூடாது. சப்ளை 10 முதல் 20 வோல்ட். அது சுமார் 8 வோல்ட்டுக்குக் கீழே இறங்கினால் ஐசி தானாகவே கேட்டை அணைத்துவிடும். பேட்டரி இறங்கும்போது மாஸ்ஃபெட் பாதி ஆனில் மாட்டிக்கொண்டு எரியாமல் இருப்பதற்கான ஏற்பாடு இது. 5 வோல்ட் சப்ளை கொடுத்துவிட்டு ஐசி வேலை செய்யவில்லை என்று தேடுபவர்களுக்குப் பதிலும் இதிலேயே இருக்கிறது.

அதன் தாளில் இல்லாத வரியையும் கவனியுங்கள். டெட் டைம் (ஒரு மாஸ்ஃபெட் அணைந்த பிறகு மற்றது ஆன் ஆகும் வரை விடும் இடைவெளி) பற்றி எதுவும் இருக்காது. இரண்டு உள்ளீடுகளையும் ஒரே நேரத்தில் ஆன் செய்தால் மேல் மாஸ்ஃபெட்டும் கீழ் மாஸ்ஃபெட்டும் சேர்ந்தே ஆன் ஆகும், சப்ளை நேராக ஷார்ட் ஆகும். இடைவெளி விடுவது உங்கள் புரோகிராமின் வேலை. ஐஆர்2104 தாளில் அந்த வரி உண்டு, சராசரி 520 நானோசெகண்ட். அதை உள்ளேயே வைத்திருக்கிறார்கள். எவ்வளவு இடைவெளி போதும் என்பதற்கு இரண்டு தாள்களையும் சேர்த்து வைத்துப் பார்க்க வேண்டும்: டிரைவரின் தாமதம் அதிகபட்சம் எவ்வளவு, உங்கள் கேட் ரெசிஸ்டரோடு மாஸ்ஃபெட் முழுதாக ஆஃப் ஆக எவ்வளவு. அங்கேயும் சராசரிக் கட்டத்தை விட்டுவிட்டு அதிகபட்சக் கட்டத்தை எடுங்கள்.

மேல் பக்க மாஸ்ஃபெட்டின் கேட்டுக்கு வேண்டிய மின்னழுத்தத்தை ஐஆர்2110 ஒரு பூட்ஸ்ட்ராப் கெப்பாசிட்டரிலிருந்து எடுக்கிறது. கீழ் மாஸ்ஃபெட் ஆனில் இருந்து நடுப்புள்ளி தரைக்கு வரும்போதுதான் அது நிரம்பும். மோட்டாரை முழு வேகத்தில் ஓட்ட 100 சதவீத பிடபிள்யூஎம் கொடுத்தால் கீழ் மாஸ்ஃபெட் ஆன் ஆகவே ஆகாது, கெப்பாசிட்டர் மெல்லக் காலியாகும், மேல் பக்கம் தானாக அணைந்துவிடும். உச்சத்தை 95 சதவீதத்தோடு நிறுத்திக்கொண்டால் இந்தப் பிரச்சினை பெரும்பாலும் வராது. முழு 100 சதவீதமும் வேண்டும் என்றால் மேல் பக்க டிரைவுக்குத் தனியாக ஒரு ஐசொலேட்டட் 12 வோல்ட் சப்ளை கொடுக்க வேண்டியிருக்கும்.